மறுமொழி: ‘டெக்னோனிம்’ – சேய்வழிப் பெயரா, மகவழிப் பெயரா?

அன்பு நண்பர்களுக்கு,

நம் கலைச்சொற்பட்டியலில் ‘டெக்னோனிம்’ (teknonym) என்பதற்குத் தமிழ்ச்சொல் தேடும் உரையாடலில் ஒருவர் இப்படி எழுதியிருந்தார்:

> டெக்னோனிம் நம்மிடம் இல்லாத வழக்கம். ஒலிபெயர்த்துப் போட்டுவிட்டால் போதும்.

இதை ஏற்க மனம் வரவில்லை. பிள்ளையின் பெயரைச் சொல்லிப் பெற்றவரைக் குறிப்பதற்கு மானிடவியலார் வைத்த பெயர்தானே அது? பள்ளிக்கூட வாசலில் நிற்கும் தாய்மார்களின் கைப்பேசிகளைப் பாருங்கள். ‘ஆதிரா அம்மா’, ‘கவின் அம்மா 2பி’ என்றுதான் எண்கள் பதிந்திருக்கும். ஒருவர் பெயர் மற்றவருக்குத் தெரியாமலே பிள்ளைகள் ஐந்தாம் வகுப்புக்குப் போய்விடுவார்கள். கணவன் பெயரைச் சொல்லக் கூடாது என்றிருந்த தலைமுறையில் ‘செல்வி அப்பா’ என்பதை விட்டால் அழைக்க வேறு வழியே இல்லை.

வழக்கம் இன்று நேற்று வந்ததும் அன்று. தொல்காப்பியப் புள்ளிமயங்கியலில் இதற்கென்றே புணர்ச்சி விதி உண்டு. இயற்பெயருக்குப் பின் ‘தந்தை’ என்ற முறைப்பெயர் வந்தால் என்ன ஆகும் என்கிறது அது: சாத்தன் + தந்தை = சாத்தந்தை. ஆதனும் பூதனும் இன்னும் குறுகி ஆந்தை, பூந்தை என்று நிற்கும். கோப்பெருஞ்சோழனின் நண்பர் பிசிராந்தையாரின் பெயரையும், பிசிர் என்ற ஊரைச் சேர்ந்த ஆதன் தந்தை என்றுதான் விரிக்கிறார்கள். அதே இயலில் மகனைத் தந்தை பெயரோடு சேர்த்துச் சொல்லும் விதியும் இருக்கிறது. கொற்றனின் மகன் கொற்றன் என்றால் கொற்றங்கொற்றன். ஆக, பேட்ரோனிமிக் (தந்தை பெயரால் பிள்ளைக்கு வரும் பெயர்), டெக்னோனிம் இரண்டுக்கும் நம் இலக்கணத்தில் ஏற்கெனவே இடம் இருக்கிறது. பொதுப்பெயர்தான் இல்லை.

நற்றிணைப் புலவர் ஒருவரின் பெயர் எயினந்தை மகன் இளங்கீரனார். எயினந்தை, எயினனின் தந்தை. அவர் மகன் இளங்கீரன். விரித்தபடியே கொண்டால், அப்பா ஒரு பிள்ளையால் பெயர் பெற்றிருக்கிறார். இன்னொரு பிள்ளை அந்த அப்பாவால் பெயர் பெறுகிறார். ‘எயினந்தை’ அதற்குள் உறைந்துபோய் வெறும் இயற்பெயராகவே வழங்கியிருக்கலாம் என்பதையும் மறுக்கவில்லை. எப்படியானாலும், நம் சொற்பட்டியலில் இரண்டு கலைச்சொற்களுக்கும் எடுத்துக்காட்டாக இந்த ஒரே பெயரைக் கொடுத்துவிடலாம்.

இனிச் சொல்லுக்கு வருகிறேன். ‘பிள்ளைப்பெயர்’ வேண்டாம். பாதிப்பேர் அதைப் பிள்ளைக்கு வைக்கும் பெயர் என்று படிப்பார்கள். மீதிப்பேர் சாதிப் பட்டம் என்று சண்டைக்கு வருவார்கள். ‘ஆந்தைப்பெயர்’ என்று ஒருவர் எழுதியிருந்தது இலக்கணப்படி அழகுதான். ஆனால் அதைப் பாடநூலில் போட்டால் எந்த ஆசிரியராலும் அந்த வகுப்பை அடக்க முடியாது.

‘சேய்வழிப் பெயர்’ நல்ல சொல். தந்தைவழி, தாய்வழி என்ற வரிசையில் கச்சிதமாக உட்காருகிறது. எனக்கு உள்ள தயக்கம் ஒன்றுதான்: ‘சேய்’ இன்று தனியாக வழங்குவது குறைவு, ‘தாயும் சேயும் நலம்’ என்னும்போது மட்டும் எட்டிப்பார்க்கிறது, அதுவும் கைக்குழந்தையாக. நாற்பது வயது மகனின் பெயரால் அழைக்கப்படும் தாய்க்கு அது பொருந்தவில்லை. ‘மக’ அப்படியன்று. ஆண், பெண் இரண்டுக்கும் பொது, வயது வரம்பும் இல்லை. மகப்பேறு மருத்துவமனை இருக்கும் ஊரில் அதற்கு விளக்கமும் தேவையில்லை. எனவே என் முன்மொழிவு ‘மகவழிப் பெயர்’. வழக்கத்தைக் குறிக்க ‘மகவழிப் பெயரீடு’.

> பாலித் தீவில் பேரனின் பெயராலும் தாத்தாவை அழைக்கிறார்களே, அப்போது ‘மக’ போதுமா?

நல்ல கேள்வி. பாலியில் பொதுமக்களிடையே, பிள்ளை பிறந்ததும் தந்தை ‘பான் இன்னார்’ ஆகிறார், தாய் ‘மென் இன்னார்’ ஆகிறார். பேரப்பிள்ளை வந்தால் ‘காக் இன்னார்’. ஆனால் 1889-இல் ‘டெக்னோனிமி’ என்ற சொல்லை உருவாக்கிய மானிடவியலார் எட்வர்டு டைலரும் பிள்ளை என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லைத்தான் எடுத்துக்கொண்டார். மூலத்தில் இருக்கும் நெகிழ்ச்சி நமக்கும் இருக்கட்டும். எல்லாவற்றையும் ஒரே சொல்லுக்குள் திணிக்கப் போனால் ‘வழித்தோன்றல்சார் பெற்றோர்ப் பெயர்’ மாதிரி ஒன்றுதான் கிடைக்கும்.

அரபு ‘குன்யா’வை (‘இன்னாரின் தந்தை’, ‘இன்னாரின் தாய்’ என்ற வடிவில் வரும் அழைப்புப்பெயரை) இதே சொல்லால் மொழிபெயர்க்கலாம் என்ற யோசனைக்கு மட்டும் கட்டாயம் மறுப்பு. நபிகள் நாயகத்தின் ‘அபுல் காசிம்’ மகன் காசிமின் பெயரால் வந்தது. அது மகவழிப் பெயர்தான். ஆனால் ‘அபூ ஹுரைரா’ என்றால் பூனைக்குட்டியின் தந்தை. அங்கே மகன் யார்? குன்யா விரிந்த வகை, மகவழிப் பெயர் அதற்குள் ஒரு பகுதி. குன்யாவைக் குன்யா என்றே விட்டுவிடலாம்.

பேட்ரோனிமிக்குக்குச் சிலர் ‘குடும்பப்பெயர்’ என்று எழுதுவதைப் பட்டியலிலிருந்து இப்போதே நீக்கிவிட வேண்டும். ஐஸ்லாந்தில் யோன் என்பவரின் மகனுக்கு யோன்சன், மகளுக்கு யோன்ஸ்டோட்டிர். அண்ணன் தங்கைக்கே பின்பெயர் ஒன்றாக இல்லாதபோது குடும்பப்பெயர் எங்கிருந்து வரும்? நம் தலைப்பெழுத்தும் இதே கதைதான். வெளிநாட்டுப் படிவங்களில் அப்பா பெயரைக் குடும்பப்பெயர்க் கட்டத்தில் நிரப்பிவிட்டு, எல்லாரும் நம்மை அப்பா பெயரால் கூப்பிடும்போது விழிக்கிறோம். இதற்குத் ‘தந்தைவழிப் பெயர்’ போதும். தாய் பெயரால் வருவதற்குத் ‘தாய்வழிப் பெயர்’, சாதவாகன மன்னர் கௌதமிபுத்திர சாதகர்ணி எடுத்துக்காட்டு.

மறுப்பு இருந்தால் எழுதுங்கள். இன்னொன்று: ‘மகவழிப்பெயர்’ என்று சேர்த்து எழுதுவதா, பிரிப்பதா? தலைச்சொல்லாகச் சேர்த்தே பதியலாம் என்பது என் எண்ணம். பிரித்தால் அகரவரிசையில் ‘மகவழி’ தனியாகவும் ஒரு பதிவு கேட்கும்.