மறு: மறு: இரண்டு சொல் கோத்த பெயருக்கு ஒரு கலைச்சொல் (வெள்ளிக்குள் வேண்டும்)

மருதம் எழுதியது:

அனைவருக்கும் வணக்கம்.

கல்லூரி உலக இலக்கியப் பாடநூலில் ஓர் இயல் என் தலையில் விழுந்திருக்கிறது. 10ஆம் நூற்றாண்டில் ஜெர்மனியின் காண்டர்ஸ்ஹைம் மடத்தில் இருந்த ஹ்ரோட்ஸ்விட் பற்றியது. லத்தீனில் ஆறு நாடகங்கள் எழுதியவர். பழைய ரோமானிய நாடகாசிரியர் டெரன்ஸின் நாடகங்களில் சொக்கிப்போனவர்களுக்கு மாற்றாக, அதே பாணியில் கன்னியரின் வெற்றியை எழுதினேன் என்று முன்னுரையில் அவரே சொல்கிறார். அங்கேயே தன்னைக் 'காண்டர்ஸ்ஹைமின் கிளாமோர் வாலிதுஸ்', அதாவது வலிய முழக்கம், என்றும் அறிமுகப்படுத்திக்கொள்கிறார். இது அவர் பெயரையே லத்தீனில் பெயர்த்தது என்று கண்டு சொன்னவர் ஜெர்மன் மொழியறிஞர் யாகோப் கிரிம். பழைய சாக்சன் மொழியில் ஹ்ரோத் என்றால் புகழ். ஸ்வீத் என்றால் வலிமை. இன்றைய ரோஸ்விதா இதன் பேத்தி.

இப்படி இரண்டு சொற்களைக் கோத்து ஆக்கிய பெயரை ஆங்கிலத்தில் 'டைதிமாட்டிக் நேம்' என்கிறார்கள். பழைய ஜெர்மானியப் பெயர்களில் பெரும்பாலானவை இந்த வகை. நான் 'இருசொற்பெயர்' என்று எழுதி வைத்திருந்தேன். மெய்ப்புப் பார்த்தவர் சிவப்பில் அடித்துவிட்டார். பள்ளி உயிரியலில் 'இருசொற் பெயரிடும் முறை' வேறு பொருளில் வருகிறதாம், மாமரமும் தவளையும் நினைவுக்கு வருமாம். அவர் சொல்வது சரிதான். வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகிறது. கைகொடுங்கள்.

தேனீ எழுதியது:

ஈருறுப்புப் பெயர்?

சில்லறை எழுதியது:

ஈருறுப்புக் கோவை, ஈருறுப்புத் தேற்றம் என்று கணக்கு வாத்தியார் ஏற்கெனவே பட்டா போட்டுவிட்டாரே அம்மா. உயிரியலிடமிருந்து தப்பி இயற்கணிதத்திடம் மாட்டவேண்டுமா?

பழஞ்சுவடி எழுதியது:

அன்புடையீர்,

கையில் வெண்ணெய் இருக்க ஏன் நெய்க்கு அலைகிறீர்கள்? சொற்கள் இரண்டு தொக்கு நிற்பதைத் தமிழ் தொகை என்கிறது. தொகைப்பெயர் என்க. அதனினும் சிறந்தது 'தொடைப்பெயர்'. பூவைத் தொடுப்பது தொடை. எழுத்தைத் தொடுப்பது மோனைத்தொடை, எதுகைத்தொடை. சொல்லைத் தொடுத்துப் பெயராக்கினால் அதுவும் தொடையே.

இன்னொன்றும் கவனிக்க. ஹ்ரோத் என்பதில் முதலொலியை நீக்கிப் பாருங்கள். ரகரம் மொழிக்கு முதலாகாது, உகரம் ஏற்கும். உரோத். இது நம் 'உரை' அன்றி வேறென்ன? உரை என்றால் பேச்சு. உரை என்றால் புகழ். 'உரைசால் பத்தினிக்கு உயர்ந்தோர் ஏத்தலும்' என்று இளங்கோவடிகள் பாடவில்லையா? முழக்கமும் புகழும் ஒரே சொல்லில் உள்ள மொழி எது என்று அறிஞர்கள் எண்ணிப் பார்க்கட்டும்.

வேரடி எழுதியது:

> இது நம் 'உரை' அன்றி வேறென்ன?

ஐயா, உங்கள் மேல் உள்ள மதிப்புக் குறையாமல் சொல்கிறேன். வேறுதான். ஜெர்மானிய மொழிகளில் சொல்முதல் ஹகரம் பெரும்பாலும் பழைய ககரத்திலிருந்து வந்தது. ககரத்தைப் போட்டுப் பின்னோக்கிப் போனால் 'புகழ்ந்து கூவு' என்ற பொருளுடைய இந்தோ-ஐரோப்பிய வேர் கிடைக்கிறது. அதே வேரில் கிரேக்கத்தின் கேருக்ஸ் வருகிறது, அறிவிப்பாளன், நம்மூர்க் கணக்கில் பறையறைபவன். சமஸ்கிருதத்தில் அதே வேரிலிருந்து வருவது 'கீர்த்தி'. ஹ்ரோட்ஸ்விட்டின் முன்பாதிக்குத் தமிழ்நாட்டில் உறவு தேடினால் அது கீர்த்தி வழியாக வந்த சுற்றுவழி உறவுதான். தனித்தமிழ் அன்பர்கள் மன்னிக்க.

ஹகரம் பின்னால் உதிர்ந்தது. ருடால்ஃப், ரோலண்ட், ராபர்ட், ரோஜர் எல்லாவற்றின் முன்பாதியும் இதே புகழ்தான். பின்பாதி ஸ்வீத் இன்னும் சுவை. கோத்தியர் மொழியில் இது ஸ்விந்த். கோத்திய அரசன் தியோடரிக்கின் மகள் அமலஸ்விந்தா பெயரில் பார்க்கலாம். சாக்சனில் இந்த இடத்து னகரம் மறைந்து முன்னுள்ள உயிர் நீண்டது. ஜெர்மன் 'கான்ஸ்' ஆங்கிலத்தில் 'கூஸ்' ஆனதும் இதே மாற்றம்தான், இரண்டும் வாத்துதான். இன்றைய ஜெர்மனில் விரைவைக் குறிக்கும் 'கெஷ்விண்ட்' இந்த வலிமையின் எச்சம்.

தொகைப்பெயர் மட்டும் வேண்டாம். தொகை என்றால் இரண்டு சொற்களுக்கு நடுவே ஓர் உறவு மறைந்து நிற்கவேண்டும். மலர்விழி என்றால் மலர் போன்ற விழியை உடையவள். விரித்தால் பொருள் வருகிறது, அன்மொழித்தொகை. ஜெர்மானியப் பெயர் பல இப்படி விரியாது. ஹில்ட் என்றால் போர், குண்ட் என்றாலும் போர். ஹில்டகுண்ட் என்ற பெண்ணுக்கு என்ன விரி சொல்வீர்கள்? ஃபிரெடகுண்ட் என்ற ஃபிராங்கிய அரசி இருந்தாள். அமைதி + போர். (அவள் வாழ்வில் முன்பாதிக்கு வேலையே இருக்கவில்லை. அரசன் கில்பெரிக்கின் மனைவி கால்ஸ்விந்தா கொலையுண்ட பிறகு அந்த இடத்துக்கு வந்தவள் இவள். கொலையுண்டவளின் பெயரிலும் நம் ஸ்விந்த் இருப்பதைக் கவனிக்க.)

பெற்றோர் பெயரிலிருந்து ஆளுக்கொரு பாதி எடுத்துப் பிள்ளைக்கு வைப்பதே இதன் உயிர். 1095இல் இறந்த, இங்கிலாந்தின் வூஸ்டர் ஆயர் வுல்ஃப்ஸ்டனின் தந்தை ஏதல்ஸ்டன், தாய் வுல்ஃப்கிஃபு. தாயிடமிருந்து ஓநாய், தந்தையிடமிருந்து கல். ஓநாய்க்கல் என்று பொருள் சொன்னால் அந்தக் குடும்பமே சிரித்திருக்கும்.

பழஞ்சுவடி எழுதியது:

உம்மைத்தொகை. ஓநாயும் கல்லும்.

வேரடி எழுதியது:

கபிலபரணர் என்றால் இருவர் ஐயா. ஆயர் ஒருவர்தான்.

ரைன்கரை எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். நான் இஞ்ச கொலோனில இருந்து எழுதுறன். இலக்கணம் எனக்குப் பெரிசாத் தெரியாது, ஆனா பேர் தெரியும். நான் வேலை செய்யிறது முதியோர் இல்லத்தில. ரோஸ்வித்தா எண்டு கூப்பிட்டா ஒண்டுக்கு மேல தலை திரும்பும். எல்லாரும் நாப்பதுகள், ஐம்பதுகளில பிறந்த ஆக்கள். இப்பத்தைப் பிள்ளையளுக்கு இந்தப் பேரைக் காணக் கிடைக்கிறது அருமை. வகுப்பில ஒரு பிள்ளைக்கு வைச்சா மற்றதுகள் 'அம்மம்மான்ர பேர்' எண்டு பகிடி பண்ணும்.

மருதம் அக்கா, 'ரோஸ்விதா' எண்டு போடாதேங்கோ. இஞ்ச ரோஸ்-வீ-த்தா எண்டுதான் சொல்லுவினம். அர்த்தம் கேட்டா அந்த அம்மாமார் வெள்ளை ரோஜா எண்டுவினம். வடக்குப் பக்கத்து ஜெர்மனில 'வித்' எண்டா வெள்ளை, அதால வந்தது. கிரிம் வந்து சொன்னாலும் அவை கேக்கமாட்டினம். காண்டர்ஸ்ஹைம் நகரம் 1973இல இருந்து பெண் எழுத்தாளருக்கு ரோஸ்வித்தா பரிசு எண்டு ஒண்டு குடுக்குது, அதையும் சேருங்கோ.

சில்லறை எழுதியது:

615ஆம் எண் சிறுகோளுக்கும் ரோஸ்விதா என்றுதான் பெயர். 1906இல் ஹைடல்பெர்க்கில் ஆகுஸ்ட் கோப்ஃப் கண்டுபிடித்தது. வெள்ளை ரோஜா வானத்துக்கே போய்விட்டது, நாம் இன்னும் தொடையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறோம்.

தேனீ எழுதியது:

அதைத்தான் சொல்ல வந்தேன். பழஞ்சுவடி ஐயா, தொடைப்பெயர் அழகான சொல்தான். ஆனால் முதலாமாண்டு வகுப்பில் கரும்பலகையில் எழுதிவிட்டுத் திரும்பிப் பாருங்கள். கடைசி பெஞ்சு அன்று முழுக்க அடங்காது. யாப்பிலக்கணம் நடத்தும்போதே 'ஐயா எந்தத் தொடை?' என்று கேட்பவர்கள் அவர்கள். பாடம் நடத்துவது நான்.

பழஞ்சுவடி எழுதியது:

மாணவர் சிரிப்பர் என்று மொழியைச் சுருக்கினால் நாளை அகத்திணையையும் நீக்கவேண்டி வரும். தொடை என்பதற்கு இன்னும் ஆழமான பொருத்தம் உண்டு. வேரடி அவர்களே, அந்நாட்டுப் பழம்பாடல்களில் மோனை உண்டா இல்லையா?

வேரடி எழுதியது:

உண்டு, அதுவும் பெயரிலேயே உண்டு. இதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். 830 வாக்கில் எழுதப்பட்டு ஜெர்மனியின் காசல் நகரில் இருக்கும் பழைய வீரப்பாடலான ஹில்டபிராண்ட் பாடலில் தாத்தா ஹெரிபிராண்ட், மகன் ஹில்டபிராண்ட், பேரன் ஹதுபிராண்ட். படை, போர், சண்டை என்று முன்பாதி மாறுகிறது, ஹகர மோனை மாறவில்லை. பின்பாதி மூவருக்கும் ஒன்று. பாட்டில் மூவரையும் ஒரே தாளத்தில் சொல்லிவிடலாம். அந்த வகையில் ஐயாவின் தொடை இந்தப் பெயர்மரபின் உள்ளேயே இருக்கிறது. ஆனால் ஹ்ரோட்ஸ்விட்டுக்கு அப்படி ஒரு குடும்பப்பட்டியல் கையில் இல்லை. கலைச்சொல் மோனை இல்லாத பெயருக்கும் பொருந்தவேண்டும்.

என் வாக்கு: இருகூற்றுப் பெயர்.

சில்லறை எழுதியது:

இரண்டு யமன்களா?

வேரடி எழுதியது:

கூறு, பகுதி. வேற்றுமையில் கூற்று.

சில்லறை எழுதியது:

தெரியும் அண்ணா. ஆனால் பழஞ்சுவடி ஐயா மேற்கோள் காட்டிய அதே பதிகத்தில், அந்த வரிக்கு முந்தின வரி 'அரைசியல் பிழைத்தோர்க்கு அறங்கூற் றாவதூஉம்'. புகழுக்கு ஒரு வரி, யமனுக்கு ஒரு வரி. போரும் போரும் சேர்ந்த ஹில்டகுண்டுக்கு இருகூற்று பொருத்தம்தான், வெள்ளை ரோஜாவுக்குத்தான் இடிக்கிறது. 'பிணைபெயர்' வேண்டுமானால் பாருங்கள், வினைத்தொகையாக நிற்கும்.

தேனீ எழுதியது:

பிணை என்றால் ஜாமீன். பழைய இலக்கியத்தில் பெண்மான்.

சில்லறை எழுதியது:

'கூற்றமோ கண்ணோ பிணையோ.' வள்ளுவர் நம் குழுவின் இரண்டு பரிந்துரைகளையும் ஒரே குறளில் போட்டு ஐயத்தோடு விட்டுவிட்டார். அவருக்கே முடியவில்லை.

மருதம் எழுதியது:

நாளை வியாழன். எனக்கு இரண்டு கேள்வி மட்டும். ஒன்று, இருகூற்றுப் பெயரா, இருகூறு பெயரா? இரண்டு, கிளாமோர் வாலிதுஸ் தமிழில் என்ன?

வேரடி எழுதியது:

'நெடிலோடு உயிர்த்தொடர்க் குற்றுகரங்களுள் டறவொற்று இரட்டும் வேற்றுமை மிகவே' என்பது நன்னூல். இரண்டு கூறுகளை உடைய பெயர், வேற்றுமைப் பொருள். இரட்டும். இருகூற்றுப் பெயர்.

இரண்டாவது கேள்வி கடினம். கிளாமோர் வெறும் சத்தம் இல்லை. பாலையில் கூவும் குரலாகிய திருமுழுக்கு யோவானை அவர் மனத்தில் வைத்திருக்கலாம் என்று சிலர் கருதுகிறார்கள். காண்டர்ஸ்ஹைம் மடத்தின் தொடக்கத்தைப் பாடும்போது யோவான் தோன்றி முன்னறிவித்த காட்சியையும் அவர் பாடியிருக்கிறார். தன் பெயரின் புகழை விட்டு அதன் கூவலை எடுத்துக்கொண்டது தற்செயலாகத் தெரியவில்லை. மடத்துப் பெண் 'நான் வலிய புகழ்' என்று எழுதிக்கொள்ள முடியாது. 'நான் உரத்த குரல்' என்று எழுதலாம், அதில் ஒரு துணிச்சலும் இருக்கிறது.

ஆகவே 'காண்டர்ஸ்ஹைமின் ஓங்குகுரல்'.

பழஞ்சுவடி எழுதியது:

ஓங்குகுரல் நன்று. பாராட்டுகிறேன். ஆனால் ஹ்ரோட்ஸ்விட் என்று அச்சிட்டால் தமிழ்த்தாய் நாவைக் கடித்துக்கொள்வாள். உரோத்துசுவித்து என்க.

ரைன்கரை எழுதியது:

ஐயா, அப்பிடி எழுதினா அந்த மனுசியே தன்ர பேர் எண்டு கண்டுபிடிக்கமாட்டா.

பழஞ்சுவடி எழுதியது:

தம்பி, 1501இல் நியூரம்பெர்கில் அவர் நூல்களை அச்சிட்ட கொன்ராட் கெல்டிஸ் தலைப்பில் 'ஹ்ரோஸ்விதே' என்று போட்டார் என்று நானும் படித்திருக்கிறேன். நடுவில் இருந்த டகரம் எங்கே போயிற்று? ஜெர்மானியரே தங்கள் நாவுக்கு ஏற்றபடி மாற்றியபோது ஒருவரும் கேட்கவில்லை. தமிழன் மாற்றினால் மட்டும் நகைப்பா?

வேரடி எழுதியது:

இது நியாயமான அடி. அந்த டகரம் போனதால்தான் 'ரோஸ்' கிடைத்தது, ரோஸ் கிடைத்ததால்தான் ரோஜா முளைத்தது. ஆனாலும் மாணவர் இணையத்தில் தேடவேண்டுமே ஐயா. கிரந்தத்தோடு விடுங்கள்.

தேனீ எழுதியது:

இருகூற்றுப் பெயருக்கு என் ஆதரவு. அழகுக்காக இல்லை, தூக்கம் வருகிறது.

சில்லறை எழுதியது:

யமனுக்கு நானும் கை தூக்குகிறேன். எப்படியும் ஒருநாள் அவன் பக்கம் போகவேண்டியதுதானே.

ரைன்கரை எழுதியது:

எனக்கும் சரி. ஆனா 'வீத்தா'.

மருதம் எழுதியது:

அனைவருக்கும் நன்றி. இயலில் 'இருகூற்றுப் பெயர்' என்று போட்டுவிட்டேன். பழைய பெயர் ஹ்ரோட்ஸ்விட், இன்றைய பெயர் ரோஸ்வித்தா. ஆயர் வுல்ஃப்ஸ்டனின் கதை பெட்டிச்செய்தியாகப் போகிறது. ஹில்டபிராண்ட் குடும்பத்துக்கு இடம் போதவில்லை.

பழஞ்சுவடி எழுதியது:

பெரும்பான்மைக்குத் தலை வணங்குகிறேன், சொல்லுக்கு இல்லை. அடிக்குறிப்பிலாவது 'தொடைப்பெயர் என்றும் கூறுவர்' என்று சேர்க்கக் கேட்டுக்கொள்கிறேன்.

சில்லறை எழுதியது:

ஐயா, கூறுவர் பன்மை. கூறுபவர் நீங்கள் ஒருவர்தான்.

பழஞ்சுவடி எழுதியது:

மரியாதைப் பன்மை.

மருதம் எழுதியது:

சேர்த்துவிட்டேன் ஐயா.

மெய்ப்புப் பார்ப்பவர் மறுபடி அழைத்தார். வெள்ளை ரோஜாப் பத்தியில் நான் 'போலிச் சொற்பிறப்பு' என்று எழுதியிருந்தேன். மக்கள் தாங்களாகச் சொல்லும் விளக்கத்தைப் போலி என்று இழிவுபடுத்தலாமா என்று கேட்கிறார். 'நாட்டார் சொற்பிறப்பு' என்றால் நாட்டுப்புறத்துச் சொற்களின் பிறப்பு என்று ஆகிவிடுகிறதாம். காலை பத்து மணிக்குள் ஏதாவது சொல்லுங்கள்.

பழஞ்சுவடி எழுதியது:

'செவிவழிப் பொருள்' என்க. செவி என்னும் சொல்லின் வேரை இங்குச் சற்று ஆராய்வது நலம்.