அலியேசியஸ்: உள்ளியினமா, உள்ளிவாடையா?

காந்தலூரிலிருந்து

அனைவருக்கும் வணக்கம்.

காந்தலூர், வட்டவடைச் சரிவுகளில் காணும் குமிழச் செடிகளுக்கு இனங்காண் குறிப்பு ஒன்றைத் தமிழில் எழுதுகிறோம். ‘அலியேசியஸ்’ என்ற அடைமொழியைத் தாண்ட முடியவில்லை. ஆங்கிலத்தில் அது இரண்டு வேலை செய்கிறது. அல்லியம் பேரினத்தைச் சேர்ந்தது என்பது ஒன்று. வெங்காயம், பூண்டு போன்ற வாடை உடையது என்பது மற்றொன்று. இரண்டு வாக்கியங்களைப் பாருங்கள்:

‘இலை அலியேசியஸ், கசக்கினால் தெரியும்.’
‘இந்தச் சரிவில் பயிராகும் அலியேசியஸ் செடிகளில் பூண்டே முதன்மை.’

முதலாவது மூக்கைப் பற்றியது. இரண்டாவது வகைப்பாட்டைப் பற்றியது.

கைவசம் மூன்று சொற்கள் உள்ளன. ‘பூண்டுத்தன்மையுள்ள’ முதலில் தோன்றியது. ஆனால் தாவரவியல் தமிழில் பூண்டு என்றால் தண்டு தடிக்காத சிறுசெடி. ‘புல் பூண்டு’ என்கிறோமே, அந்தப் பூண்டு. ‘பூண்டுத்தன்மையுள்ள தாவரம்’ என்று படிப்பவருக்கு, மரமும் புதரும் அல்லாத செடி என்றுதான் படும். அடுத்தது ‘வெங்காய வகை’. மூன்றாவது ‘உள்ளிய’. இது சுருக்கமானது; எனக்கு இதன் மேல்தான் விருப்பம். பூண்டு இங்கே மலையாளத்தில் வெளுத்துள்ளி, அங்கே தெலுங்கில் வெல்லுல்லி. இரண்டு எல்லையிலும் வேர் உயிரோடு இருக்கிறது. உங்கள் கருத்து வேண்டும்.

நாகர்கோவிலிலிருந்து

காந்தலூர் ஐயாவுக்கு வணக்கம்.

‘வெங்காய வகை’ கூடவே கூடாது. பேச்சில் ‘வெங்காயம்’ ஒன்றுமில்லாததற்கு வசைச்சொல் என்பதை விட்டுவிடலாம். அதனால் ஒரு கலைச்சொல் கெடாது. நரிவெங்காயம்தான் உண்மையான தடை. தேரியிலும் புதர்க்காட்டிலும் மண்ணுக்குள் அசல் வெங்காயம் போலவே குமிழம் வைக்கும் செடி அது. வெட்டினால் வெங்காய வாடை துளியும் வராது. சாறு பட்டால் ஊசி ஊசியான ஆக்சலேட் படிகங்களால் கை அரிக்கும். உள்ளே இதயத்தைத் தாக்கும் நச்சுப்பொருள்கள் உள்ளன. உங்கள் குறிப்பின் பெரும்பயனே உண்ணத்தக்க குமிழத்தையும் நச்சுக் குமிழத்தையும் பிரித்துக் காட்டுவதுதான். அந்த இடத்தில் ‘வெங்காய வகை அல்லாத நரிவெங்காயம்’ என்று எழுத நேர்ந்தால் படிப்பவர் குழம்புவார். இந்தக் குழப்பம் ஆபத்தானது.

உள்ளிக்கு என் முழு ஆதரவு. எங்கள் பக்கம் உள்ளி என்றால் சின்ன வெங்காயம்; உள்ளித்தீயல் வைப்பது அதில்தான். ஈழத்தில் உள்ளி என்றால் பூண்டு. பழைய அகராதிகளும் இரண்டையும் தருகின்றன. இதைக் குறை என்று சொல்வோர் உண்டு. சந்தையில் குறைதான், ஒப்புக்கொள்கிறேன். வகைப்பாட்டுக்கோ இதைவிடப் பொருத்தமான சொல் கிடைக்காது. வெங்காயத்துக்கும் பூண்டுக்கும் பொதுவான பெயரைத்தானே தேடுகிறோம்? தமிழ் அதை முன்பே வைத்திருக்கிறது.

ஆனால் ‘உள்ளிய’ என்ற வடிவம் ஆகாது. உள்ளுதல் என்றால் நினைத்தல். ‘உள்ளிய’ என்பது ‘நினைத்த’ என்று பொருள்தரும் பெயரெச்சமாக முன்பே இருக்கிறது. குறளின் ‘உள்ளியது’ படித்த யாருக்கும் ‘உள்ளிய இலை’ என்றால் நினைத்த இலைதான்.

நகரியிலிருந்து

எல்லோருக்கும் வணக்கம். ஒரு திருத்தம் சொல்லவேண்டும்.

‘இரண்டு எல்லையிலும் உள்ளி’ என்பது பாதிதான் சரி. வெங்காயத்துக்கு உல்லிபாய, பூண்டுக்கு வெல்லுல்லி இரண்டும் கடலோர ஆந்திரத்தில் ஓங்கிய சொற்கள். சித்தூர், கடப்பை, அனந்தபுரம் பக்கம் வெங்காயம் எர்ரகட்ட, பூண்டு தெல்லகட்ட. சிவப்புக் கிழங்கு, வெள்ளைக் கிழங்கு. எங்கள் பக்கத் தமிழரின் காதிலும் அவைதான் நாள்தோறும் விழுகின்றன. உள்ளி வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. எல்லோருக்கும் தெரிந்த சொல் என்பதைக் காரணமாகக் காட்ட முடியாது. பொதுப்பெயர் என்ற காரணம் ஒன்றே போதும்.

எனக்குள்ள கவலை வேறு. இந்த அடைமொழி செடியோடு நிற்பதில்லை. சித்தூர்ப் பக்கம் மாங்காய்க் கிடங்குகளில் கால்சியம் கார்பைடு வைத்துப் பழுக்கவைப்பது சட்டப்படி தடை. ஆனாலும் செய்கிறார்கள். அந்தக் கார்பைடு கல்லில் ஈரம் பட்டவுடன் அசிட்டிலீன் வாயு வருகிறது. தூய அசிட்டிலீனுக்குப் பூண்டு வாடை கிடையாது. கல்லில் கலந்துள்ள பாஸ்பரஸ், ஆர்செனிக் மாசுகளிலிருந்து கிளம்பும் பாஸ்பீன், ஆர்சீன் போன்ற நச்சு வாயுக்களோடு வருவதுதான் அந்த வாடை. தானியக் கிடங்கில் புகைமூட்டும் அலுமினியம் பாஸ்பைடு மாத்திரையும் இப்படியே. 3 கிராம் மாத்திரை ஒன்று 1 கிராம் பாஸ்பீனை வெளிவிடும். பாதுகாப்புக் கையேடுகள் அதைப் ‘பூண்டு போன்ற வாடை’ என்கின்றன. இங்கேயும் ஆங்கிலத்தில் அலியேசியஸ்தான்.

ஆகவே சொல் எதுவானாலும் இரண்டு விதிகளைச் சேர்த்துக்கொள்ளுங்கள். கிடங்கு வாசல் பலகையில் புதுச்சொல் வேண்டாம். ‘பூண்டு நாற்றம் அடித்தால் உள்ளே போகாதே’ என்றே எழுதவேண்டும். மூட்டை தூக்குபவர் படித்த நொடியில் புரியவேண்டும். அதோடு, ‘வாடை இல்லையென்றால் வாயு இல்லை’ என்ற பொருள் எங்கும் வரக்கூடாது. வாடை தருபவை பாஸ்பீனோடு வரும் மாசுகள். தானியம் அவற்றை உறிஞ்சிக்கொண்டால் வாடை போய்விடும், வாயு இருக்கும். வேலையிடத்தில் 8 மணி நேரச் சராசரி வரம்பு 0.3 பிபிஎம், அதாவது காற்றில் பத்து லட்சத்தில் 0.3 பங்கு. மூக்கை நம்பி அதை அளக்க முடியாது, கருவி வேண்டும்.

செங்கோட்டையிலிருந்து

அனைவருக்கும் வணக்கம். நகரி ஐயா சொன்ன விதிகள் இரண்டும் கட்டாயம் சேரவேண்டும்.

நாம் ஆங்கிலச் சொல்லின் வடிவத்தைப் பிடித்துக்கொண்டு அலைகிறோம் என்று எனக்குப் படுகிறது. காய்கறிப் பெயரைத் தமிழ் எப்படி அடைமொழி ஆக்குகிறது என்று பாருங்கள். கத்தரிப்பூ நிறச் சேலை. சுண்டைக்காய் அளவு உருண்டை. நெல்லிக்காய் அளவு புளி. ஒவ்வொன்றிலும் காயின் பெயருக்குப் பின்னால் நிறம், அளவு என்று ஒரு சொல் நிற்கிறது. எந்த வகையில் அது காயை ஒக்கிறது என்பதை அந்தச் சொல்தான் சொல்கிறது. ‘சுண்டைக்காய் உருண்டை’ என்றால் சுண்டைக்காயில் செய்தது என்று ஆகிவிடும். நெல்லிக்காய் அளவு புளி என்று சமையற்குறிப்பில் படித்தவர் புளி பச்சையாக இருக்குமோ என்று ஐயப்படுவதில்லை. ஆங்கிலத்தின் ‘-ஏசியஸ்’ இதை மூடிவைக்கிறது. நிறமா, மணமா, குடும்பமா என்று படிப்பவர் ஊகிக்கவேண்டும். ஒரே சொல்லில் இரண்டையும் அடக்கவேண்டும் என்ற கட்டாயம் நமக்கு எதற்கு? வகைப்பாட்டுக்கு ‘உள்ளியின’ என்று வைப்போம். மூக்குக்கு உள்ளியோடு ஒரு மணச்சொல்.

அந்த மணச்சொல் எது என்பதில்தான் நேரம் செலவழிக்கவேண்டும். மணம், நாற்றம், நெடி, வாடை, வீச்சம் என்று ஐந்து இருக்கின்றன. வீச்சம் மீனுக்குப் போகட்டும். நாற்றம் இன்று கெட்டதற்கு மட்டும். மணம் நல்லதற்கு மட்டும். விஷவாயுவுக்கு மணம் என்று எழுதக் கை வராது. நெடி பொருந்தும் போலத் தோன்றும், ஆனால் நெடி மூக்கைத் துளைப்பது: மிளகாய் வறுத்தால் நெடி, கடுகு அரைத்தால் நெடி. வெங்காயம் நறுக்கும்போது கண்ணைக் கரிப்பதும் அந்த வகை உறுத்தல்தான். அது வேறு பொருளால் வருகிறது, அலியேசியஸ் என்ற சொல்லுக்குள் வராது. மிச்சம் வாடை. ‘பச்சை வாடை போக வதக்கு’, ‘வாயில் பூண்டு வாடை’ என்று அடுக்களையில் சொல்வது இதைத்தான். நல்லது கெட்டது என்று தீர்ப்புச் சொல்லாத சொல். வாடைக்காற்றோடு குழப்பம் வராது; முன்னால் உள்ளி நிற்கிறதே.

என் பரிந்துரை ‘உள்ளிவாடை’. உள்ளிவாடையுள்ள இலை, உள்ளிவாடை வாயு. வ இடையினம் என்பதால் ஒற்று மிகாது.

கொழிஞ்சாம்பாறையிலிருந்து

வணக்கம். செங்கோட்டை அம்மா சொன்ன பிரிவை வேதியியலும் ஆதரிக்கிறது. ஆனால் ‘உள்ளிவாடையுள்ள’ என்பதில் ‘உள்ள’ இடிக்கிறது.

முழுப் பூண்டுப் பல்லுக்கு அந்த வாடை கிடையாது. உயிரணுவுக்குள் அலின் என்ற கந்தகச் சேர்மம் ஓரிடத்திலும் அலினேஸ் நொதி இன்னோரிடத்திலும் தனித்தனியே அடைந்திருக்கின்றன. நசுக்கினால் இரண்டும் கலந்து, சில நொடிகளில் அலிசின் உண்டாகிறது. அந்த அலிசினும் அதிலிருந்து பிரியும் கந்தகச் சேர்மங்களும்தான் நாம் முகரும் வாடை. அலிசினைப் பிரித்தெடுத்து அறிவித்தது 1944-இல். சரிபார்க்க விரும்புவோர் இரண்டு பல் எடுங்கள். ஒன்றை உரித்து முழுதாகவே கொதிக்கும் நீரில் 10 நிமிடம் போட்டு, பிறகு மசியுங்கள். மற்றொன்றைப் பச்சையாக நசுக்கி 10 நிமிடம் வையுங்கள். முதலாவது இனிப்பாக, மாவு போல இருக்கும். பச்சைப் பூண்டின் வாடை இருக்காது. வெப்பத்தில் நொதி செத்துவிட்டது. பிறகு எவ்வளவு மசித்தாலும் பயனில்லை.

ஆகவே செடிக்குறிப்பில் ‘உள்ளிவாடை தரும்’ என்று எழுதி, ‘கசக்கினால்’ என்பதை முன்னால் வைக்கவேண்டும். வாயுவுக்கும் மூச்சுக்கும் ‘உள்ளிவாடையுள்ள’ சரி.

கசக்கிப் பார்ப்பதிலும் தவறு நேரும். இலையில் இரண்டு விரற்கடைத் துண்டு போதும். உலர்ந்த வெளித்தோலைக் கசக்கினால் எதுவும் வராது. உள்ளிருக்கும் ஈரச் செதிலைக் கீறவேண்டும். உள்ளி என்று ஐயப்படும் செடியைக் கடைசியில் தொடுங்கள். முதலில் தொட்டால் கந்தகம் விரலில் ஒட்டிக்கொள்ளும், பிறகு மழைலில்லியும் விஷமூங்கிலும்கூட உள்ளிவாடை தருவதாகத் தோன்றும். அவை இரண்டும் நஞ்சு. நாக்கில் வைத்துப் பார்க்கவே கூடாது.

வாடையும் இனமும் ஒன்றல்ல என்பதற்கு இரண்டு எடுத்துக்காட்டு தருகிறேன். பெருங்காயம் கொத்தமல்லிக் குடும்பம். எண்ணெயில் பொரிந்தால் உள்ளிவாடை. வெங்காயம், பூண்டு விலக்கிய சமையலில் அதைச் சேர்ப்பதும் அதனால்தான். வேலியில் ஊதாப்பூப் பூக்கும் பூண்டுக்கொடி பிக்னோனியா குடும்பம். இலையைக் கசக்கினால் அசல் பூண்டு. இரண்டும் உள்ளிவாடை தரும், உள்ளியினம் அல்ல.

காந்தலூரிலிருந்து

எல்லோருக்கும் நன்றி. ஒரு கேள்வி மட்டும் மிச்சம். ‘உள்ளிக் குடும்பம்’ என்று எழுதலாமா?

நாகர்கோவிலிலிருந்து

எழுதவேண்டாம் ஐயா. அல்லியம் பேரினம் முன்பு லிலியேசி குடும்பத்தில் இருந்தது. பிறகு அலியேசி என்று தனிக்குடும்பம் ஆக்கினார்கள். பூக்கும் தாவரங்களுக்கு 2009-இல் வந்த ஏபிஜி மூன்றாம் வகைப்பாடு அதை அமரில்லிடேசி குடும்பத்துக்குள் துணைக்குடும்பமாக வைத்துவிட்டது. கொழிஞ்சாம்பாறை ஐயா சொன்ன மழைலில்லியும் விஷமூங்கிலும் அதே அமரில்லிடேசிதான். ‘உள்ளிக் குடும்பம்’ என்று எழுதினால் அந்த நச்சுக் குமிழங்களையும் உள்ளிக்குள் சேர்த்துவிடுவார்கள். அல்லியத்துக்கு ‘உள்ளியினம்’, அதன் மேல்நிலைக்கு ‘உள்ளித் துணைக்குடும்பம்’. அதற்கு மேலே அமரில்லிடேசி என்றே இருக்கட்டும்.

காந்தலூரிலிருந்து

பதிவை இப்படி முடிக்கிறேன். சொல்லுங்கள்:

உள்ளியின: அல்லியம் பேரினத்தைச் சேர்ந்த. ‘இந்தச் சரிவில் பயிராகும் உள்ளியினச் செடிகளில் பூண்டே முதன்மை.’

உள்ளிவாடை: நசுக்கிய வெங்காயம், பூண்டு இவற்றின் கந்தக வாடை, இனம் எதுவானாலும். ‘இலை, கசக்கினால் உள்ளிவாடை தரும்.’ பாதுகாப்புப் பலகைகளில் ‘பூண்டு நாற்றம்’ என்றே எழுதுக.

வடுகபட்டிச் சந்தைக்குப் போகும் மூட்டையில் ‘மலைப்பூண்டு’ என்றே அச்சாகும். அங்கே உள்ளி என்றால் விலை கேட்க ஆள் வரமாட்டார்.

செங்கோட்டையிலிருந்து

சரியாக இருக்கிறது. ‘உள்ளியினச் செடி’ என்பதில் ச் மிகவேண்டும், போட்டிருக்கிறீர்கள். அச்சுக்குப் போகுமுன் ‘உள்ளியின’ வரிக்கு உடைந்து ‘உள்ளி / யின’ என்று நிற்காமல் பார்த்துக்கொள்ளுங்கள்.