மூன்ரேக்கர் வில்லனும் அந்த முதிய துறவியும் ஒரே நடிகரா?

மாலைக்காட்சி:
போன வாரம் டிவியில் 'மூன்ரேக்கர்' என்ற ஜேம்ஸ் பாண்ட் படம் ஓடியது. அதே வாரத்தில் 'ஆஃப் காட்ஸ் அண்ட் மென்' பார்த்தேன். அல்ஜீரிய மலைக்கிராமத்து மடம், அங்கே ஊர்க்காரர்களுக்கு வைத்தியம் பார்க்கும் லூக் என்ற வயதான துறவி. நடிகர் யாரென்று தேடினால் பாண்டை மிரட்டிய அதே லோன்ஸ்டேல்! அடிப்படையில் நாடக நடிகர் என்கிறார்கள். இவரை எங்கிருந்து பார்க்கத் தொடங்கலாம்? தெரிந்தவர்கள் சொல்லுங்களேன்.

கடைசி வரிசை:
அதே ஆள்தான். பிரெஞ்சுப் படங்களில் மிஷேல், ஆங்கிலப் படங்களில் மைக்கேல். 1931இல் பாரிஸில் பிறந்தவர். அப்பா ஆங்கிலேயர், அம்மா பிரெஞ்சுக்காரர். வளர்ந்தது மொராக்கோவில். அதனால்தான் இரண்டு மொழிப் படங்களிலும் அத்தனை இயல்பாகப் பேசினார்.

இவரை வில்லன் என்றோ குணச்சித்திர நடிகர் என்றோ சொல்ல எனக்கு மனம் வருவதில்லை. எதிரில் இருப்பவர் பேசுவதைக் கேட்பதுதான் இவருடைய நடிப்பு. 1968இல் மார்கெரித் த்யூராஸின் 'லாமாந்த் ஆங்லேஸ்' நாடகத்தில் விசாரிப்பவராக நடித்தார். ஒரு கொலை நடந்துவிட்டது, செய்தவள் யார் என்பதும் தெரிந்துவிட்டது. மிச்சமிருப்பது, ஏன் செய்தாள் என்ற கேள்விதான். முதலில் கணவனிடம் கேட்கிறார், பிறகு மனைவியிடம். நாடகம் அவ்வளவே. எதிரே மனைவியாக இருந்தவர் மதலேன் ரெனோ, பிரெஞ்சு மேடையின் பெரிய பெயர். அவரிடம் கேள்வி கேட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திருப்பது சாதாரண வேலையா?

அதற்கு முன்பே, 1964இல், சாமுவேல் பெக்கெட்டின் 'கொமெதி' நாடகம். மூன்று பேர் தாழிக்குள் கழுத்துவரை புதைந்திருப்பார்கள், தலை மட்டும் வெளியே. விளக்கு யார் முகத்தில் விழுகிறதோ அவர் பேச வேண்டும், விலகினால் பாதி வாக்கியத்தில் நிறுத்த வேண்டும். கையில்லை, நடையில்லை, முகபாவமும் கிடையாது. அதில் தேறியவருக்குப் பாண்ட் படத்தில் குரலை உயர்த்த என்ன அவசியம்? அதில் இவர் நடித்த வில்லன் டிராக்ஸ் பியானோ வாசிப்பதையும், பாண்டைத் தீர்த்துக்கட்டச் சொல்லும்போது குரல் எவ்வளவு மெதுவாக இருக்கிறது என்பதையும் இன்னொரு முறை பாருங்கள்.

நீங்கள் பார்த்த துறவிப் படத்தில், காதலைப் பற்றிக் கேட்கும் பெண்ணோடு பெஞ்சில் உட்கார்ந்து பேசுவாரே, அங்கேயும் அதே பொறுமைதான். அந்த வேடத்துக்கு 2011இல் பிரெஞ்சு சினிமாவின் பெரிய விருதான செசார் கிடைத்தது. அப்போது எண்பதை நெருங்கிக்கொண்டிருந்தார். இவ்வளவு தாமதமாகக் கொடுத்ததில் எனக்கு இன்னும் வருத்தம் உண்டு.

நீலத்திரை:
'இந்தியா சாங்' (1975) பற்றியும் சொல்லுங்கள் சார். கதை 1937 கல்கத்தாவில், எடுத்ததோ பிரான்ஸில். கல்கத்தாவைத் தேடிப் போகிறவர்களுக்கு அதில் எதுவும் கிடைக்காது.

கடைசி வரிசை:
கிடைக்காதுதான். நான் அதை லோன்ஸ்டேலுக்காகவே பார்க்கச் சொல்வேன். திரையில் யாருடைய உதடும் அசையாது, பேச்செல்லாம் வெளியிலிருந்து வரும். லாகூரில் துணைத் தூதராக இருந்து வேலை பறிபோன மனிதர் இவர். தூதரின் மனைவியாக வரும் தெல்ஃபின் செய்ரிக்மேல் கொண்ட காதலால், விருந்திலிருந்து வெளியேற்றப்பட்டதும் கத்துகிறார். மற்ற படங்களில் அடக்கிவைத்த குரலெல்லாம் அங்கே வெடிக்கும். செய்ரிக் பெக்கெட் நாடகத்திலும் இவருக்குப் பக்கத்துத் தாழியில் இருந்தவர். த்ரூஃபோவின் 'ஸ்டோலன் கிஸ்ஸஸ்' படத்தில் செருப்புக்கடை முதலாளியான இவருக்கு மனைவியும் அவரே.

மாலைக்காட்சி:
நன்றி சார். 'டே ஆஃப் தி ஜாக்கல்' நாவல் படித்திருக்கிறேன். முடிவு தெரிந்த பிறகு படம் சலிக்குமா?

கடைசி வரிசை:
சலிக்காது தம்பி, அதிலிருந்தே தொடங்குங்கள். கொலையாளியைத் தேடும் கமிஷனர் லெபெல் இவர்தான். அமைச்சர் கூட்டத்தில் ரகசியம் கசியும் தொலைபேசிப் பேச்சைப் போட்டுக் காட்டுவார். யாருடைய தொலைபேசியை ஒட்டுக்கேட்பது என்று எப்படித் தெரிந்தது எனக் கேட்பார்கள். தெரியாது, அதனால் எல்லாருடையதையும் ஒட்டுக்கேட்டேன் என்பார். களைப்பாக, பணிவாக. ரிவெத்தின் 'அவுட் 1' மட்டும் இப்போது வேண்டாம். அதில் நாடகக் குழுவை நடத்துபவராக அற்புதமாகச் செய்திருக்கிறார், ஆனால் படம் கிட்டத்தட்ட பதின்மூன்று மணி நேரம். பொங்கல் விடுமுறைக்கு வைத்துக்கொள்ளுங்கள்.