பிரீட் பார்ன் படங்கள்: கல்லடியில் போட எந்த வரிசை சரி?

வாவிக்கரை:
வணக்கம். கல்லடியில் ஓவியம் படிக்கிற பிள்ளைகளுக்கு, எஸ்தோனிய அனிமேஷன் இயக்குநர் பிரீட் பார்னின் சோவியத் காலப் படங்களைப் போட இருக்கிறம். ஒரு மணித்தியாலந்தான் கிடைக்கும். எதை முதல்ல போடலாம்? ‘புல்வெளியில் காலை உணவு’ கதையை 1983இல் எழுதியும் படம் 1987இல்தான் வந்திருக்கு. ஏன் எண்டு கேட்டா என்ன சொல்றது?

ஏறாவூரான்:
அவர் படிச்சது உயிரியல், தார்த்துப் பல்கலைக்கழகத்தில. தாலின் தாவரவியல் பூங்காவில் வேலை செய்துகொண்டே கேலிச்சித்திரம் கீறினவர். 1971இல் எஸ்தோனிய அரச ஸ்டூடியோவான தாலின்ஃபில்முக்குள்ள கைவரை அனிமேஷன் பிரிவைத் தொடங்கின ரைன் ராமாத், 1974இல் வந்த தன்ர படத்துக்குப் பாத்திரங்கள் வரைய இவரைக் கூப்பிட்டார். சொந்தமா இயக்கின முதல் படம் 1977இல் ‘உலகம் உருண்டையா?’

தாமதத்துக்குக் காரணம் அனுமதி முறை. காசு மொஸ்கோவில இருந்த கொஸ்கினோவிட்ட, அதாவது சோவியத் அரச திரைப்படக் குழுவிட்டத்தான் வரும். கதை முதல்ல ஸ்டூடியோவிலயும் எஸ்தோனிய அதிகாரிகளிட்டயும் தேறி, பிறகு மொஸ்கோவுக்குப் போகும். அங்க ஓம் எண்டாத்தான் வேலை தொடங்கலாம். முடிஞ்ச படத்தையும் திரும்ப அங்க காட்டோணும். எங்கெங்க ஓடலாம், எத்தனை பிரதி எண்டு அப்பதான் முடிவாகும். ‘உலகம் உருண்டையா?’ மாட்டுப்பட்டது இந்தக் கடைசிக் கட்டத்தில: எஸ்தோனியாவுக்குள்ள மட்டும் காட்ட விட்டாங்க. ‘காலை உணவு’ கதைக் கட்டத்திலேயே நிண்டுபோச்சு. கொர்பச்சோவ் காலத்தில கெடுபிடி தளர்ந்த பிறகுதான் நகர்ந்தது. அதனால வெளியான ஆண்டை மட்டும் வச்சு அவர்ர வளர்ச்சியைக் கணக்குப் பார்க்க வேணாம்.

தாழங்குடா:
அண்ணன் சொன்னதோட ஒண்டு. அவரை வெறும் எதிர்ப்பாளர் எண்டு அறிமுகப்படுத்தாதீங்க. அரச காசில, அரச ஸ்டூடியோவில செய்த படங்கள்தான் இதெல்லாம். தங்களுக்கு அனுமதிச்ச அளவு அத்தனையும் செய்த கலைஞர்களுக்குத்தான் ‘காலை உணவை’யே அவர் சமர்ப்பிச்சிருக்கார்.

வரிசை: 1977, அடுத்தது 1982இல் வந்த ‘முக்கோணம்’, கடைசியா ‘காலை உணவு’. 1984 படத்தையும் சேர்த்தா கதைக்க நேரம் மிஞ்சாது. ‘காலை உணவில்’ நாலு பேர், நாலு பகுதி. அன்னாவுக்கு அப்பிள் வேணும், கெயோர்குக்கு உடுப்பு, பெர்த்தாவுக்குத் தொலைஞ்ச முகம், எதுவார்துக்கு அனுமதி முத்திரை. இவ்வளவு அலைச்சலும் பிரெஞ்சு ஓவியர் மானேயின்ர இதே பெயருள்ள ஓவியத்தில உள்ளமாதிரி ஒருக்கா புல்லில இருக்கத்தான். இடையில பிக்காசோ சாயலில ஒருத்தரை ரெண்டு பேர் இழுத்துக்கொண்டு போவாங்க, அதைக் கவனிக்கச் சொல்லுங்க. மானே ஓவியத்தைப் படத்துக்கு முதலே காட்டினா முடிவு சப்பெண்டு போயிரும். பிறகு காட்டுங்க.

கல்முனைத் திரை:
டிவியில போடுறதெண்டா ரெண்டு விசயம் பாருங்க. அளவு 4:3இல இருக்கட்டும். 16:9க்கு இழுத்தா உருவமெல்லாம் கொழுத்துத் தெரியும். அசைவை மென்மையாக்கிற செட்டிங்கை நிப்பாட்டுங்க. கைவரை அனிமேஷன்ல பெரும்பாலும் ஒரு வரைபடத்தை ரெண்டு பிரேமுக்குப் பிடிப்பாங்க. டிவி இடையில தானா பிரேம் செருகினா கோட்டோரம் கலங்கி நிழல் விழும், பார்னின் நடுங்குற கோடு அதில செத்துப்போகும்.

தமிழ் சப்டைட்டில் போட்டா கோப்பை யூடிஎஃப்-8 (UTF-8) எழுத்துக் குறிமுறையில சேமிங்க, இல்லாட்டி எழுத்தெல்லாம் கட்டங்கட்டமா வரும். ‘காலை உணவில்’ பேச்சு மிகக் குறைவு, அதுக்குச் சப்டைட்டில் இல்லாமலே போடலாம்.