சந்தேகம்: ஃப்ளெக்ஸில் ‘அலம்னை’க்கு அப்போஸ்ட்ரஃபி எங்கே?

தண்டையார்பேட்டை டிடிபி:
பழைய மாணவிகள் சந்திப்புக்கு 10க்கு 6 அடி ஃப்ளெக்ஸ். பார்ட்டி கொடுத்த மேட்டரில் மேல் வரி ‘அலம்னிஸ் மீட்’, எஸ்ஸுக்கு அப்புறம் அப்போஸ்ட்ரஃபி, அதான் இந்த ’ குறி. கீழே ‘மாணவிகளின் பங்களிப்பு’ என்பதற்கும் அதே அலம்னிஸ்தான். ராத்திரிக்குள்ள பிரிண்டுக்குப் போகணும். எது சரிண்ணே?

பெரம்பூர் ப்ரூஃப்:
தம்பி, அலம்னிஸ் என்று ஒரு வார்த்தையே கிடையாது. அலம்னஸ் (பழைய மாணவர்) ஒருமை. கடைசி ‘யூ, எஸ்’ போய் இங்கிலீஷ் ‘ஐ’ வந்தாலே பன்மை, அலம்னை. அதுமேல எஸ் போட்டால் ‘மாணவர்கள்கள்’ மாதிரி ஆயிடும்.

இது லத்தீன் வார்த்தைதான், ஆனால் ‘உடைய’ என்று காட்டுற குறிக்கு லத்தீனுக்குத் தனிச் சட்டம் இல்லை. பன்மையின் கடைசி எழுத்தை மட்டும் பாருங்க. எஸ்ஸில் முடிந்தால் பின்னால் குறி மட்டும். முடியலைன்னா குறி போட்டு எஸ். சில்ட்ரன்’ஸ் எழுதுறோமே, அதேதான். அதனால அலம்னை’ஸ், பாக்டீரியா’ஸ். ஆனால் இன்டெக்ஸ், அப்பெண்டிக்ஸ் பன்மைக்கு இன்டிசஸ்’, அப்பெண்டிசஸ்’. ஃபார்முலாவுக்கு ரெண்டு பன்மை: ‘ஏ, இ’யில் முடிந்தால் குறியும் எஸ்ஸும், ஃபார்முலாஸ் என்றால் குறி மட்டும்.

மேல் வரிக்குக் குறியே வேண்டாம். ‘மாணவர் சங்கம்’ என்கிறோம், உருபு மறைஞ்சுதானே நிக்குது? அப்படித்தான் அலம்னை மீட், அலம்னை அசோசியேஷன்.

ராயபுரம் டீச்சர்:
எல்லாரும் மாணவிகள் என்றால் ‘ஐ’ வராதுப்பா. ஒருத்தி அலம்னா, பலர் அலம்னீ. எழுத்தில் கடைசி ‘ஏ, இ’. மேல் வரி அலம்னீ மீட், கீழ் வரி அலம்னீ’ஸ் கான்ட்ரிபியூஷன். ஆணும் பெண்ணும் கலந்திருந்தால்தான் அலம்னை.

தண்டையார்பேட்டை டிடிபி:
பெண்கள் பள்ளிதான் டீச்சர், மாத்திடறேன். இவங்களுக்கே ப்ராஸ்பெக்டஸ் வேலையும் இருக்கு. அதுக்கும் ‘ஐ’ போடலாமா?

ராயபுரம் டீச்சர்:
கூடாது. ‘யூ, எஸ்’ பார்த்ததும் ‘ஐ’ போடுறதுதான் அடிக்கடி நடக்குற தப்பு. ப்ராஸ்பெக்டஸ் லத்தீனில் நாலாம் வகைப் பெயர்ச்சொல், அங்கே பன்மையும் ‘யூ, எஸ்’ஸிலேயே முடியும். இங்கிலீஷில் ப்ராஸ்பெக்டஸஸ், உடைமைக்கு ப்ராஸ்பெக்டஸஸ்’. ஸ்டேட்டஸும் அப்படித்தான். ஸ்பீஷீஸுக்கு ஒருமையும் பன்மையும் ஒன்றே, பின்னால் குறி மட்டும்.

பெரம்பூர் ப்ரூஃப்:
இன்னொண்ணு. பழைய தமிழ் ஃபான்ட் ஓடும்போது குறியைத் தட்டினால் அந்த இடத்தில் வேற எழுத்து வந்து உட்காரும். முதலில் இங்கிலீஷ் ஃபான்டுக்கு மாத்துங்க. அப்புறம் ஆல்ட்டை அழுத்திக்கிட்டே நம்பர் பேடில் 0146. வளைந்த குறி சரியா விழும். நேர்க் குறி விட்டால் ஒரு அடி உயர எழுத்தில் ஆணி அடிச்ச மாதிரி தெரியும்.