செருகி, குதை, முறுக்கிணை: தொலைபேசி வடக் கையேட்டுக்கு அவசரம்

களுவாஞ்சிக்குடியிலிருந்து:

அனைவருக்கும் வணக்கம். தொழிற்பயிற்சி வகுப்புக்கான தொலைபேசி வடக் கையேடு வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகிறது. வடம், கடத்தி, காவலி இவற்றில் சிக்கலில்லை. வடத்துக்குள் ஒன்றையொன்று சுற்றி வரும் கம்பிச் சோடிக்கு 'முறுக்கிணை' என்று போட்டிருக்கிறோம். முனையில்தான் தடுமாறுகிறோம். வயர் நுனியில் பூட்டும் பிளாஸ்டிக் துண்டு, அது போய் மாட்டும் சுவர்த்துளை, இரண்டுக்கும் பொதுவான பெயர் என்று மூன்று சொற்கள் வேண்டும். பிள்ளைகள் தொலைபேசி வயரின் முனையை ஆர்.ஜே. 11, நெட்வேர்க் வயரின் முனையை ஆர்.ஜே. 45 என்று சரளமாகச் சொல்கிறார்கள். வித்தியாசம் கேட்டால் பருமனை மட்டும் காட்டுகிறார்கள். முதலாவதில் கம்பிக்கு ஆறு இடம், வேலை செய்வது நடுவிலுள்ள இரண்டு உலோகத் தொடுகை. நாம் 45 என்பதில் எட்டு இடம், எட்டுத் தொடுகை. ரிசீவரின் சுருள் வயரில் இருப்பது இன்னும் சிறியது, நான்குக்கு நான்கு. 'இடம்', 'தொடுகை' சரிதானா?

அக்கரைப்பற்றிலிருந்து:

இரண்டும் சரி சேர். 'ஆறிட இருதொடுகைச் செருகி' என்று எழுதினால் எண்ணிப் பார்த்தே இனம் கண்டுகொள்வார்கள். வயர் நுனித் துண்டுக்குச் 'செருகி', துளைக்குக் 'குதை' என்றே வையுங்கள். வில்லின் முனையில் நாணை மாட்டுகிற வெட்டுக்குப் பெயர் குதை. செருகியின் நாக்கு 'டிக்' என்று விழுந்து பிடிப்பதும் ஒரு வெட்டில்தானே. பொதுப்பெயருக்கு 'இணைப்பி' போதும்.

காத்தான்குடியிலிருந்து:

நான் லைன் வேலை செய்கிறவன். கடையில் போய்க் குதை கேட்டால் ஒருவரும் எடுத்துத் தரமாட்டார்கள். பிளக், சொக்கெட் என்பதுதான் எங்கள் பேச்சு. வேலைக்கு வருகிற பிள்ளைக்கு அது தெரியாவிட்டால் முதல் நாளே முழிப்பான். பெயரைவிட அவசரமான விஷயமும் ஒன்று இருக்கிறது. 11 இன் பிளக் 45 இன் சொக்கெட்டுக்குள் போகும், ஆனால் ஓரத்துப் பிளாஸ்டிக் அந்தப் பக்கத்துத் தொடுகைகளை நசுக்கிவிடும். பிறகு நெட்வேர்க் வயர் போட்டால் ஒழுங்காகப் பிடிக்காது. அதை எழுதுங்கள். சும்மா இருக்கும் லைனில் 48 வோல்ற் அளவில் நேரோட்டம் (டிசி). மணியடிக்கும்போது 75 வோல்ற்றுக்கு மேலேயும் ஆடலோட்டம் (ஏசி) வரும், ஈரக் கையில் நன்றாகவே அடிக்கும். அதையும் எழுதுங்கள்.

காரைதீவிலிருந்து:

சுவாமி விபுலாநந்தர் பிறந்த ஊரிலிருந்து எழுதுகிறேன். 1930களில் சென்னையில் நடந்த கலைச்சொல்லாக்க வேலையில் முன்னின்றவர் அவர். அந்த மண்ணில் சொக்கெட் என்று அச்சிடுவதா? வடத்துக்குள் இருக்கும் 'முறுக்கிணை'யும் எனக்குப் பிடிக்கவில்லை. 'புரி' இருக்கிறதே. முப்புரிநூலில் இருப்பது அதே புரி, தும்புக்கயிறு திரிப்பவர்களும் புரி என்றே சொல்கிறார்கள். யாழின் நரம்பும் முறுக்கித் திரித்ததுதான். நரம்பு, தந்தி, தந்தியடித்தல், தொலைபேசி என்று ஒரே இழையாக வருகிறது பாருங்கள். ஆகவே 'புரியிணை'.

அக்கரைப்பற்றிலிருந்து:

ஐயா, புரியை நானும் விரும்புகிறேன். ஆனால் 'புரியிணை' என்றால் பதினைந்து வயதுப் பிள்ளைக்குப் 'புரிதல்'தான் நினைவுக்கு வரும். அதோடு புரி என்பது ஒற்றை இழையையும் குறிக்கும். இங்கே சொல்லவேண்டியது முறுக்கைத்தான். வெளியிலிருந்து வரும் மின்னிரைச்சல் இரண்டு கம்பியிலும் சமமாக ஏறினால்தான் மறுமுனையில் கழிபடும், முறுக்குவதே அதற்காக. கிரகாம் பெல் 1881இல் காப்புரிமை எடுத்ததும் இந்த முறுக்குக்கே. காரணம் பெயரிலேயே தெரியட்டும்.

களுவாஞ்சிக்குடியிலிருந்து:

நாளை ஒப்படைக்க வேண்டும், இனி நீட்ட முடியாது. செருகி, குதை, இணைப்பி, முறுக்கிணை என்றே போகிறது. ஒவ்வோர் அதிகாரத்திலும் முதல் தடவை 'பிளக் எனப்படும் செருகி', 'சொக்கெட் எனப்படும் குதை' என்று எழுதுகிறேன். காத்தான்குடித் தம்பி சொன்ன எச்சரிக்கைகள் இரண்டும் கட்டம் கட்டி வரும்.

காரைதீவிலிருந்து:

பெரும்பான்மைக்கு வழிவிடுகிறேன், உடன்படவில்லை. அடுத்த பதிப்பு வரும்போது புரியிணையை மறுபடியும் கொண்டுவருவேன்.

காத்தான்குடியிலிருந்து:

சரி சேர். படத்தில் நடு இரண்டு கம்பிக்கும் சிவப்பு, பச்சை மட்டும் போட்டிருக்கிறீர்கள். அது பழைய வயர். புதியவற்றில் அந்தச் சோடி நீலமும் வெள்ளை-நீலமும். இரண்டையும் போடுங்கள்.