டிகோக்சின் (இருதயத் துடிப்பை மெதுவாக்கும் மாத்திரை) உடம்பில் ஏறிப்போன கேஸ்கள் – மலேசியாவில் சுங்கை சிப்புட் பக்கம் பார்த்தவை

மிஸ்ஸி (நர்ஸ்) அக்கா:
78 வயதுப் பாட்டி. தோட்டத்து லயத்திலிருந்து தாமானுக்கு (வீடமைப்புப் பகுதி) மாறி வந்த குடும்பம். டிகோக்சின் 0.25இல் அரை மாத்திரை, தண்ணி மாத்திரை ஃபுருசமைடு 40, இரண்டும் பல வருஷமாக. கொஞ்ச நாளாகப் பசியாறவே வரமாட்டேன் என்கிறார், குமட்டல், எந்நேரமும் படுக்கை. கேஸ்ட்ரிக் என்று ஒமெப்ரசோல் கொடுத்தாயிற்று, வயசாயிடுச்சு என்றும் சொல்லியாயிற்று. மருமகள் போகிற போக்கில் சொன்னதுதான் உறுத்துகிறது. வெள்ளைச் சோற்றைத் தட்டில் வைத்தால், "ஏண்டி, சோத்துல எதுக்கு இவ்வளவு மஞ்சத்தூளு?" என்று தள்ளிவிடுகிறாராம். தட்டில் ரசம்கூட ஊற்றவில்லை.

நாடியை ஒரு முழு நிமிஷம் எண்ணினால் 44. பொட்டாசியம் 2.9. கிரியேட்டினின் போன வருஷம் 90, இப்போது 160க்கு மேல். டோஸ் அதேதான், சிறுநீரகம்தான் மாறிவிட்டது. டிகோக்சின் பெரும்பாலும் சிறுநீரில்தான் போக வேண்டும். நல்ல சிறுநீரகமாக இருந்தால் உடம்பில் உள்ளதில் பாதி வெளியேற 36 முதல் 48 மணி நேரம். சிறுநீரகம் நின்றுபோனவருக்கு நாலைந்து நாள்கூட ஆகும். நேற்றையது போவதற்குள் இன்றைய அரை மாத்திரை மேலே ஏறிக்கொண்டே இருக்கும். தண்ணி மாத்திரை பொட்டாசியத்தை இறக்கிவிட, அதே அளவு டிகோக்சின் இருதயத்தை இன்னும் பலமாகப் பிடிக்கும்.

பார்மசி மணி:
அக்கா, மஞ்சளாகத் தெரிவது பாடப்புத்தகத்தில் பிரபலம், ஆனால் எல்லாருக்கும் வராது. அதற்காகக் காத்திருந்தால் ஆள் போய்விடுவார். பெரும்பாலும் முதலில் விழுவது பசி. அப்புறம் குமட்டல், அசதி, வயசானவர்களுக்குக் குழப்பம். உங்கள் பாட்டிக்கும் பசி போனது முதலில்தானே, மஞ்சள் பிறகுதானே?

இங்கே ஒரு தாத்தாவின் மருந்துப் பையைக் கவிழ்த்தபோது கிடைத்தது இது. டிகோக்சின் லேபிளில் மலாயில் '1/2 பிஜி' (அரை மாத்திரை) என்று இருக்கிறது. அவர் அதை "ஒண்ணு, இல்லாட்டி ரெண்டு" என்று படித்திருக்கிறார். உடம்பு நல்லா இருந்தால் ஒன்று, படபடப்பு இருந்தால் இரண்டு. அரை மாத்திரை வாங்க வேண்டியவருக்கு நாலு மடங்கு வரை போயிருக்கிறது. மாத்திரை சீக்கிரம் தீர்ந்துபோனதற்கு அவர் சொன்ன காரணம், "கவர்மெண்ட்டுல கம்மியா குடுக்குறாங்க."

அதே பையில் தனியார் கிளினிக் பாக்கெட் ஒன்று, 0.0625 டிகோக்சின் மாத்திரை, பிராண்ட் பெயரோடு. பெயர் வேறாக இருந்ததால் வேறு மருந்து என்று அதையும் சேர்த்துப் போட்டிருக்கிறார். 62.5 மைக்ரோகிராம், 0.0625 மில்லிகிராம் இரண்டும் ஒன்றே என்று பெட்டியைப் பார்த்து எந்தத் தாத்தாவுக்குத் தெரியும்? லேபிளில் 'செத்தெங்கா' (மலாயில் அரை) என்று எழுத்தால் எழுதி, கவுண்டரிலேயே மாத்திரையை வெட்டிக் காட்டி அனுப்ப வேண்டும். பிளேடால் வெட்டினால் ஒரு பக்கம் பெரிசு, ஒரு பக்கம் தூள். பயன் தரும் அளவுக்கும் விஷமாகும் அளவுக்கும் இடைவெளி குறைவான மருந்து இது. வெட்டுகிற கருவி சில வெள்ளி (ரிங்கிட்) தான்.

எமர்ஜென்சி எம்ஏ (மருத்துவ உதவியாளர்):
இரண்டு பேரும் வீட்டு மருந்தைச் சொல்கிறீர்கள். புதிதாகச் சேர்க்கிற மருந்தைக் கேட்பதே இல்லை. 60களில் ஒருவர், ஏஎஃப் (இருதய மேலறை ஒழுங்கில்லாமல் துடிப்பது) உள்ளவர், டிகோக்சின் டோஸ் சரியாகத்தான் போட்டு வந்தார். இருமலுக்குத் தனியார் கிளினிக்கில் கிளாரித்ரோமைசின் என்ற ஆண்டிபயாட்டிக். சில நாளில் வாந்தி, தலைசுற்றல். இசிஜி எடுத்த பையன் சந்தோஷமாக, "அண்ணே, ஏஎஃப் போயிடுச்சு, ரிதம் ஒழுங்கா வருது" என்றான். ஒழுங்காகத்தான் இருந்தது, நிமிஷத்துக்கு 48. பி அலை (மேலறை ஒழுங்காகத் துடிப்பதன் அடையாளம்) எங்கே என்று கேட்டதும் முகம் மாறியது. மேலறை இன்னும் துடித்துக்கொண்டுதான் இருக்கிறது, கீழே எதுவும் இறங்கவில்லை, நடுவிலிருந்து ஒரு மாற்றுத் துடிப்பு தனியாக ஓடுகிறது. ஏஎஃப் நோயாளிக்குத் திடீரென்று மெதுவான, சீரான ரிதம் வந்தால் டிகோக்சினைத்தான் முதலில் சந்தேகப்பட வேண்டும். இசிஜியில் எஸ்டி பகுதி கிண்ணம்போல் தொங்குவது மருந்து வேலை செய்கிறது என்பதற்கு அடையாளம். அதை மட்டும் வைத்து விஷம் என்று எழுதாதீர்கள்.

கிளாரித்ரோமைசின், எரித்ரோமைசின், இருதய மருந்துகளான வெராபமில், அமியோடரோன் எல்லாம் டிகோக்சினை ஏற்றும். அமியோடரோன் தொடங்கினால் டிகோக்சினைப் பாதியாக்குவது வழக்கம். அமியோடரோனை நிறுத்திய பிறகும் அதன் வேலை வாரக்கணக்கில் ஓடும்.

ரத்தத்தில் டிகோக்சின் லெவல் பற்றி: மாத்திரை போட்டு 6 மணி நேரமாவது ஆன பிறகுதான் ரத்தம். காலை 8க்குப் போட்டுவிட்டு 9க்கு எடுத்தால் பொய்யாக உயரும். இருதயத் தளர்ச்சிக்கு 0.5 முதல் 0.9 நானோகிராம்/மி.லி. போதும். ரிப்போர்ட்டில் அலகைப் பாருங்கள், சில லேப் நானோமோலில் தரும். 1 நானோகிராம்/மி.லி. என்பது 1.28 நானோமோல்/லிட்டர். பொட்டாசியம் குறைவாக இருந்தால் 1.5இலேயே விஷம் தெரியும். எண் சரியாக இருக்கிறது என்று ஆளை வீட்டுக்கு அனுப்பாதீர்கள்.

கோயில் தெரு ஆசிரியை:
மாத்திரை மட்டும்தானா? கோயில் வளாகத்து மஞ்சள் அரளி விதையை மென்ற ஒரு சின்னப் பையனுக்கு உப்புத்தண்ணி கரைத்துக் கொடுத்தார்கள். அப்படிக் கொடுக்கவே கூடாது, உப்பே குழந்தையைக் கொல்லும். காயையோ கிளையையோ கையில் எடுத்துக்கொண்டு நேரே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். அரளியும் டிகோக்சின் குடும்பம்தான், ஆனால் டிகோக்சின் லெவல் சோதனை அதைச் சரியாக அளக்காது. எண் குறைவாக வந்தால் ஆபத்தில்லை என்று பொருளில்லை. டிகோக்சின் எதிர்மருந்து இதற்கும் வேலை செய்யும், 2000இல் இலங்கையில் மஞ்சள் அரளி நோயாளிகளிடமே சோதித்துக் காட்டியிருக்கிறார்கள். டாக்டர்களுக்குச் சந்தேகம் வந்தால் பினாங்கு யூஎஸ்எம்மில் உள்ள தேசிய விஷ மையத்தைக் கேட்கலாம்.

குமார், ஈப்போ:
ஒரு ஆண்ட்டிக்கு வயிற்றுப்போக்கு, இரண்டு நாள் தண்ணீரும் இறங்கவில்லை, மாத்திரையை மட்டும் விடாமல் போட்டார், நாடி 40க்கு வந்தது. அவ்வளவுதான் கேஸ். யாரும் கேட்கவில்லை என்றாலும் இதையெல்லாம் வீட்டில் ஒட்டி வைக்கலாம்:

காலையில் மாத்திரைக்கு முன்னால் ஐந்து நிமிஷம் உட்காரவைத்து, மணிக்கட்டில் ஒரு நிமிஷம் முழுதாக எண்ணுங்கள். 15 விநாடி எண்ணி நாலால் பெருக்கினால் ஏஎஃப் உள்ளவருக்குத் தப்பாகும். பேட்டரி பிரஷர் மெஷினையும் ஏஎஃப்பில் முழுதாக நம்ப முடியாது. 60க்குக் கீழே வந்தால் மாத்திரையை நிறுத்துங்கள். ஒருவேளை மறந்துபோனால் அடுத்த நாள் இரண்டாகப் போடக் கூடாது. முட்டிவலிக்குக் கடையில் டைக்குளோஃபெனாக் வாங்கிப் போட்டால் சிறுநீரகம் இறங்கும், டிகோக்சின் ஏறும். அதிமதுரம், சீன மருந்துக்கடை கஷாயத்தில் போடும் காம்சோ, இரண்டும் ஒரே வகைச் செடிதான், பொட்டாசியத்தை இறக்கும். வாந்தி, பேதி, காய்ச்சல் என்றால் அன்றைக்கே கிளினிக் கெசிஹாத்தானுக்கு (அரசு சுகாதார கிளினிக்) போன் போட்டு, தண்ணி மாத்திரை, டிகோக்சின் இரண்டையும் என்ன செய்வது என்று கேளுங்கள். தபாலில் மருந்து வருகிறது என்பதற்காக ரத்தப் பரிசோதனைத் தேதியை விடாதீர்கள். மெலிந்த வயசானவருக்குக் கிரியேட்டினின் 100 என்றால் பார்க்க நல்லா இருக்கும், எடையும் வயசும் போட்டுக் கணக்குப் பார்த்தால் சிறுநீரகம் பாதிகூட இருக்காது. அப்புறம் பழைய டோஸ் பாக்கெட்டை அலமாரியில் வைக்காதீர்கள், பார்மசியில் திருப்பிக் கொடுங்கள்.

பார்மசி மணி:
குமார் அண்ணே, மற்றதெல்லாம் சரி. '60க்குக் கீழே நிறுத்துங்கள்' என்பதை அப்படியே விட்டால் சண்டை வரும். நாடியை மெதுவாக்கும் பிசோப்ரோலோல் சேர்ந்து போடுகிறவருக்கு 56, 58 சாதாரணமாக வரும், ஆள் நல்லாவும் இருப்பார். அன்றைய டோஸைப் போடாமல் கிளினிக்கைக் கேட்கட்டும், மாதக்கணக்கில் தானாக நிறுத்திவிட வேண்டாம். நிறுத்தினால் ஏஎஃப் வேகமாக ஓடி மூச்சுவாங்கி வருவார். மயக்கம், வாந்தி, குழப்பம் சேர்ந்தால் நாடி எதுவானாலும் 999க்கு (ஆம்புலன்ஸ்) போன்.

எமர்ஜென்சி எம்ஏ:
மணி சொல்வதோடு ஒத்துப்போகிறேன். ஆஸ்பத்திரிப் பக்கம் விட்டுப்போனது: டிகோக்சினை நிறுத்தி, மானிட்டரில் போட்டு, பொட்டாசியத்தை 4க்கு மேல் கொண்டுவந்து, மெக்னீசியத்தையும் பார்க்க வேண்டும். சிறுநீரகம் கெட்டவருக்குப் பொட்டாசியத்தை மெதுவாக ஏற்றுங்கள், ரத்தத்தைத் திரும்பத் திரும்பப் பாருங்கள். மொத்தமாக விழுங்கிய கேஸில் பொட்டாசியம் தானே ஏறும், அங்கே கொடுக்கவே கூடாது. 5க்கு மேல் போனால் கெட்ட அறிகுறி, எதிர்மருந்தைக் கேட்க வேண்டும். நாடி ரொம்ப இறங்கினால் அட்ரோபின் 0.5 மி.கி., தேவைப்பட்டால் திரும்பவும், மொத்தம் 3 மி.கி. வரை. டயாலிசிஸ் செய்தால் போய்விடுமா என்று குடும்பத்தார் கேட்பார்கள். போகாது, மருந்தில் பெரும்பகுதி தசையில் ஒட்டியிருக்கிறது, ரத்தத்தில் கொஞ்சம்தான்.

எதிர்மருந்துக் கணக்கு: லெவலை எடையால் பெருக்கி 100ஆல் வகுக்க வேண்டும். 3 நானோகிராம், 45 கிலோ என்றால் 1.35, அதாவது 2 குப்பி. லெவல் நானோமோலில் வந்திருந்தால் முதலில் 1.28ஆல் வகுத்துக்கொள்ளுங்கள். விலை அதிகம், எல்லா இடத்திலும் இருக்காது, அதனால் மாவட்ட ஆஸ்பத்திரியில் சந்தேகம் வந்ததுமே ஈப்போ பெரிய ஆஸ்பத்திரிக்குப் போன் போட வேண்டும். கொடுத்த பிறகு பொட்டாசியம் சட்டென்று இறங்கும், அதைப் பாருங்கள். டிகோக்சின் லெவலைத் திரும்ப எடுக்காதீர்கள். எதிர்மருந்தோடு ஒட்டியதையும் சேர்த்து எண்ணி எக்கச்சக்கமாகக் காட்டும், அதைப் பார்த்து யாராவது பயந்துபோய் இன்னொரு குப்பி கேட்பார்கள்.

மிஸ்ஸி அக்கா:
மணி, பசிதான் முதலில், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் பசி போச்சு என்று மருமகள் சொன்னதை யாரும் காதில் வாங்கவில்லை, மஞ்சள் சோறு என்றதும்தான் எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். எதிர்மருந்து தேவைப்படவில்லை. டிகோக்சினை நிறுத்தி, பொட்டாசியம் ஏற்றி, நாலாவது நாள் நாடி 66. திரும்ப டிகோக்சின் வேண்டுமா என்று டாக்டர் யோசித்து, வேகத்துக்குப் பிசோப்ரோலோல் மட்டும் போதும் என்று முடித்துவிட்டார். ஒமெப்ரசோலையும் நிறுத்தியாயிற்று.